சுண்டெலி யாருக்குச் சொந்தம்?

1988-ஆம் ஆண்டு ஏப்ரல் 12-ஆம் நாள், அமெரிக்கக் காப்புரிமை அலுவலகம் 4,736,866 என்ற எண்ணைத் தாங்கிய காப்புரிமை ஒன்றை ஹார்வர்டு பல்கலைக்கழகத்துக்கு வழங்கியது. கண்டுபிடிப்பாளர்களாக பிலிப் லேடர், திமோதி ஸ்டூவர்ட் ஆகிய இருவரின் பெயர்கள் பதிவாயின. கண்டுபிடிக்கப்பட்ட பொருளோ இயந்திரமன்று, மருந்துமன்று, உயிருள்ள சுண்டெலி. புற்றுநோய்க்கான விதையைத் தன் உடலின் ஒவ்வோர் உயிரணுவிலும் சுமந்தபடி பிறக்குமாறு ஆக்கப்பட்ட சுண்டெலி. அமெரிக்காவில் ஒரு விலங்கின்மீது வழங்கப்பட்ட முதல் காப்புரிமை அதுவே.

அவ்வாவணத்தை ஊன்றிப் படித்தால், உரிமை கோரப்பட்டது சுண்டெலிக்கு மட்டுமன்று என்பது புலப்படும். புற்றைத் தூண்டும் மரபணு கருநிலையிலேயே செலுத்தப்பட்ட, மனிதர் நீங்கலான எந்தப் பாலூட்டியும் அந்த உரிமைக்குள் வந்தது. அவ்வாறு செலுத்தப்பட்ட ஒரு மூதாதையின் வழிவந்தவையும் வந்தன. சட்டப்படி நோக்கினால் பசுவும் குரங்கும்கூட அதில் அடக்கம்.

இந்தச் சுண்டெலியை வாஷிங்டன், முனிச், ஒட்டாவா என்ற மூன்று நகரங்களில் மனிதர்கள் தீர்ப்புக்கு உட்படுத்தினார்கள். மூன்று இடங்களிலும் விலங்கு ஒன்றுதான். கேட்கப்பட்ட கேள்விகள் வேறு, கிடைத்த விடைகளும் வேறு. அவ்விடைகளில் எது நிலைத்தது, எது காலத்தோடு கரைந்தது என்பதைப் பார்ப்பதே இக்கட்டுரையின் நோக்கம். அதற்கு முன், சோதனைக்கூடத்துக்குள் சுண்டெலி நுழைந்த கதையைச் சற்றே அறிந்துகொள்வது அவசியம்.

*

இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில், மாசசூசெட்ஸ் மாநிலத்தின் கிரான்பி என்ற சிற்றூரில் ஆபி லாத்ராப் என்ற பெண்மணி வாழ்ந்தார். பள்ளி ஆசிரியையாக இருந்து உடல்நலக் குறைவால் விலகியவர். கோழிப்பண்ணை வைத்துப் பார்த்தார், நிலைக்கவில்லை. பிறகு, அழகுக்காகச் சுண்டெலி வளர்ப்போருக்கு விற்கலாம் என்று சுண்டெலிப் பண்ணை ஒன்றைத் தொடங்கினார். வாங்க வந்தவர்களோ பெரும்பாலும் ஆய்வாளர்கள். ஹார்வர்டில் மரபியல் ஆராய்ந்துகொண்டிருந்த வில்லியம் காசில் அவர்களில் ஒருவர்.

தம் சுண்டெலிகள் சிலவற்றின் உடலில் கட்டிகள் தோன்றுவதை லாத்ராப் கவனித்தார். மாதிரிகளை ஆய்வாளர்களுக்கு அனுப்பினார். நோய்க்கூற்று வல்லுநரான லியோ லோப் அவை புற்றுக்கட்டிகள் என்று உறுதிசெய்தார். அதன்பின் இருவரும் சேர்ந்து பல ஆண்டுகள் ஆய்வுக் கட்டுரைகள் வெளியிட்டனர். சில குடிவழிகளில் மார்பகப் புற்று மிகுதியாகவும் சிலவற்றில் அரிதாகவும் தோன்றுவதையும், சூலகம் அகற்றப்பட்ட பெண் சுண்டெலிகளில் அது குறைவதையும் அவர்கள் பதிவுசெய்தனர். 1918-இல் லாத்ராப் மறைந்தார். பட்டம் பெற்ற அறிவியலாளர் அல்லர் அவர்; ஆயினும் அவருடைய பண்ணைச் சுண்டெலிகளின் வழிவந்தவைதாம் இன்றும் உலகின் சோதனைக்கூடங்களில் வளர்கின்றன.

காசிலின் மாணவரான கிளாரன்ஸ் குக் லிட்டில், லாத்ராப்பிடமிருந்து வந்த சுண்டெலிகளை உடன்பிறப்புகளுக்குள்ளேயே தலைமுறை தலைமுறையாக இணைத்து, ஏறத்தாழ ஒரே மரபமைப்புக் கொண்ட குடிவழிகளை உருவாக்கினார். 1929-இல் மெயின் மாநிலத்தின் பார் ஹார்பரில் ஜாக்சன் ஆய்வகத்தை நிறுவினார். அங்கிருந்து சுண்டெலிகள் விலைக்கும் அனுப்பப்பட்டன. ஆயினும் வாங்கியவர் அதைக் கொண்டு கண்டறிந்ததில் விற்றவர் பங்கு கேட்கும் வழக்கம் அன்றில்லை. இதன் அருமை 1947-இல் விளங்கியது. அவ்வாண்டு அக்டோபரில் பரவிய காட்டுத்தீ ஆய்வகத்தின் பெரும்பகுதியை அழித்தது. பல்லாயிரம் சுண்டெலிகள் மடிந்தன. அழிந்த குடிவழிகளை மீட்டுத் தந்தவர்கள், முன்னர் அங்கிருந்து சுண்டெலி பெற்றுச் சென்ற பிற ஆய்வாளர்கள். தங்களிடம் வளர்ந்த வழித்தோன்றல்களை அவர்கள் திருப்பி அனுப்பினார்கள். கொடுத்ததே காப்பாயிற்று.

இதே ஆய்வகத்தில்தான் 1936-இல் ஜான் பிட்னர் ஓர் எளிய சோதனையின் முடிவை வெளியிட்டார். புற்று மிகுந்த குடிவழியில் பிறந்த குட்டிகளைப் பிறந்தவுடன் பிரித்து, புற்று குறைந்த தாயிடம் பால் குடிக்க விட்டால், அக்குட்டிகளுக்குப் பின்னாளில் மார்பகப் புற்று வருவது குறைகிறது. நோயைக் கடத்தும் ஏதோ ஒன்று தாய்ப்பாலில் இருக்கிறது என்பது பொருள். அது ஒரு வைரஸ் என்று பின்னர் தெரியவந்தது. ஏறக்குறைய அரை நூற்றாண்டுக்குப் பின் ஹார்வர்டு சுண்டெலியை உருவாக்க உதவியது இந்த வைரஸின் ஒரு துண்டே.

*

ஓர் உயிரின் மரபணுவை இன்னோர் உயிரின் கருவில் செலுத்தும் முயற்சி 1970-களில் தொடங்கியது. 1974-இல் ருடால்ஃப் யேனிஷும் பீட்ரிஸ் மின்ட்ஸும் ஒரு குரங்கு வைரஸின் டி.என்.ஏ.வைச் சுண்டெலியின் இளங்கருவில் செலுத்தி, வளர்ந்த விலங்கின் திசுக்களில் அது தங்கியிருப்பதைக் காட்டினர். 1980-இல் யேல் பல்கலைக்கழகத்தில் ஜான் கார்டனும் ஃப்ராங்க் ரடிலும் வேறு வழியைக் கையாண்டனர். கருவுற்ற முட்டையின் உட்கருவுக்குள்ளேயே மயிரிழையினும் மெல்லிய கண்ணாடி ஊசியால் டி.என்.ஏ.வைச் செலுத்தி, முட்டையை வாடகைத் தாயின் வயிற்றில் வைத்தார்கள். பிறந்த 78 சுண்டெலிகளில் இரண்டில் மட்டுமே புதிய டி.என்.ஏ. காணப்பட்டது. அடுத்த ஆண்டில் இத்தகைய விலங்குகளுக்கு 'டிரான்ஸ்ஜெனிக்' என்று பெயரிட்டவர்களும் அவர்களே. நாம் மரபணு மாற்ற விலங்கு என்கிறோம்.

பொதுமக்கள் இதை அறிந்தது 1982-இல். ரிச்சர்ட் பால்மிட்டரும் ரால்ஃப் பிரின்ஸ்டரும் எலியின் வளர்ச்சி ஹார்மோன் மரபணுவைச் சுண்டெலி முட்டைகளில் செலுத்தினர். பிறந்த 21-இல் ஏழு அந்த மரபணுவைப் பெற்றிருந்தன. அவற்றில் ஆறு, உடன்பிறந்தவற்றைவிட வெகுவாகப் பெருத்து வளர்ந்தன. சாதாரணச் சுண்டெலியின் பக்கத்தில் அதன் பெருத்த உடன்பிறப்பு நிற்கும் படம் நாளிதழ்களில் வெளிவந்தது.

லேடரும் ஸ்டூவர்ட்டும் செய்தது இதன் தொடர்ச்சி. பிட்னரின் பால் வைரஸில், பால்சுரப்பியில் மரபணுவை முடுக்கிவிடும் பகுதி ஒன்று உண்டு. அதனுடன், 'மிக்' எனப்படும் புற்றுமரபணுவை ஒட்டிச் சுண்டெலி முட்டையில் செலுத்தினர். 1984-இல் முடிவு வெளியாயிற்று. சில குடிவழிகளின் பெண் சுண்டெலிகளுக்குக் கருவுற்ற காலத்தையொட்டி மார்பகப் புற்று தோன்றியது. ஆனால் மரபணு எல்லா உயிரணுக்களிலும் இருந்தும், கட்டி தோன்றியது ஓரிரு இடங்களில்தான். அதுவும் காலம் கடந்து. ஒரு மரபணு மட்டுமே புற்றை உண்டாக்கப் போதாது, வேறு ஏதோ சேரவேண்டும் என்பது இதனால் உறுதிப்பட்டது. 1987-இல் லேடரின் குழு, 'மிக்' சுண்டெலியை 'ராஸ்' என்ற மற்றொரு புற்றுமரபணு கொண்ட சுண்டெலியுடன் இணைத்தது. இரண்டையும் பெற்ற குட்டிகளில் கட்டிகள் விரைந்து தோன்றின; அப்போதும் சுரப்பி முழுவதும் புற்றாகிவிடவில்லை. புற்று படிப்படியாக உருவாகும் நோய் என்ற கருத்துக்கு உயிருள்ள சான்று கிடைத்தது. இது மெய்யான அறிவுப் பேறு என்பதை மறுப்பதற்கில்லை.

லேடரின் ஆய்வுக்குப் பெருநிறுவனமான டூபான்ட் நிதியளித்திருந்தது. 1981-இல் ஹார்வர்டு மருத்துவப் பள்ளிக்கு அது தர ஒப்புக்கொண்ட தொகை 60 இலட்சம் டாலர். அதற்கு ஈடாக, விளையும் கண்டுபிடிப்புகளைப் பயன்படுத்தும் தனியுரிமை அந்நிறுவனத்துக்குச் செல்லும் என்பது ஏற்பாடு. காப்புரிமை விண்ணப்பத்தின் பின்புலம் இதுவே.

*

வாஷிங்டனில் கேட்கப்பட்ட கேள்வி எளியது: இது மனிதன் ஆக்கியதா, இயற்கை ஆக்கியதா? இக்கேள்விக்கான வழியைத் திறந்து வைத்தவர் வங்காளத்தில் பிறந்து அமெரிக்காவில் பணியாற்றிய ஆனந்த மோகன் சக்ரவர்த்தி. எண்ணெய்க் கழிவைச் சிதைக்கும் நுண்ணுயிரியை உருவாக்கியவர். 1980 ஜூனில் அமெரிக்க உச்ச நீதிமன்றம் ஐந்துக்கு நான்கு என்ற கணக்கில், உயிருள்ளது என்பதாலேயே ஒரு பொருள் காப்புரிமைக்கு அப்பாற்பட்டதாகிவிடாது என்று தீர்ப்பளித்தது. 1987 ஏப்ரலில், இக்கோட்பாடு விலங்குகளுக்கும் பொருந்தும் என்று காப்புரிமை அலுவலகம் அறிவித்தது. ஓராண்டு கழித்து ஹார்வர்டு சுண்டெலிக்கு உரிமை கிடைத்தது. சுண்டெலி என்ன துன்புறும் என்ற வினா அந்த அலுவலகத்தின் முன் எழவேயில்லை. எழுப்புவதற்கான இடமும் அச்சட்டத்தில் இல்லை.

உரிமையின் விளைவை முதலில் உணர்ந்தவர்கள் ஆய்வாளர்கள். டூபான்ட் இச்சுண்டெலிக்கு 'ஆன்கோமவுஸ்' என்று வணிகப் பெயரிட்டது. பயன்படுத்த விரும்புவோருக்கு நிபந்தனைகள் விதித்தது. பிற ஆய்வாளருக்குத் தன்போக்கில் கொடுக்கக் கூடாது. கண்டறிந்ததை நிறுவனத்துக்குத் தெரிவிக்கவேண்டும். இதைக் கொண்டு கண்டுபிடிக்கும் பொருள் விற்பனைக்கு வந்தால் வருவாயில் பங்கு தரவேண்டும். புற்றுமரபணு ஆய்வில் நோபல் பரிசு பெற்ற ஹெரால்ட் வார்மஸ் இதை வெளிப்படையாக எதிர்த்தார். அவர் 1993-இல் அமெரிக்கத் தேசிய நலவாழ்வு நிறுவனங்களின் தலைவரானதும் நிறுவனத்துடன் பேச்சுவார்த்தை நடந்தது. 2000-இன் தொடக்கத்தில், வணிக நோக்கமற்ற ஆய்வாளர்கள் தங்களுக்குள் சுண்டெலிகளைப் பகிர்ந்துகொள்ளலாம் என்ற உடன்பாடு அறிவிக்கப்பட்டது. இத்தகைய உடன்பாடுகளுக்குப் பின் என்ன நிகழ்ந்தது என்பதை ஃபியோனா மரே என்ற அறிஞரும் அவருடன் சேர்ந்த பொருளியலாளர்களும் ஆராய்ந்தார்கள். கட்டுப்பாடு தளர்ந்தபின் அச்சுண்டெலிகளைச் சார்ந்த ஆய்வுகள் பெருகியதோடு, புதிய ஆய்வாளர்களும் புதிய திசைகளும் வந்து சேர்ந்தன என்பது அவர்கள் கண்ட முடிவு. 1947-இன் தீ கற்பித்ததை வேறொரு வகையில் மீண்டும் கற்கவேண்டியிருந்தது.

*

முனிச்சில் கதை வேறாக நடந்தது. ஐரோப்பியக் காப்புரிமை அலுவலகத்தில் ஹார்வர்டு 1985-இல் விண்ணப்பித்தது. 1989-இல் அது மறுக்கப்பட்டது. எனினும் அறம்பற்றிய விசாரணைக்குக் காப்புரிமைச் சட்டம் ஏற்ற கருவியன்று என்றே ஆய்வுப் பிரிவினர் கருதினர். மேல்முறையீட்டுக் குழு 1990-இல் அதை ஏற்கவில்லை. பொது ஒழுங்குக்கோ அறத்துக்கோ மாறான கண்டுபிடிப்புக்கு உரிமை வழங்கலாகாது என்று ஐரோப்பிய உடன்படிக்கை கூறுகிறது. ஆகவே விலங்கு படும் துன்பத்தையும் சூழலுக்கு நேரக்கூடிய இடரையும் ஒரு தட்டில் வைத்து, மனிதகுலம் பெறும் பயனை மறுதட்டில் வைத்து நிறுத்துப் பார்த்தே ஆகவேண்டும் என்று குழு பணித்தது.

நிறுத்துப் பார்த்தார்கள். புற்றுநோயால் மாளும் மனிதர்களின் தொகையை எண்ணி, பயனின் தட்டே தாழ்ந்தது என்று 1992 மே மாதம் உரிமை வழங்கினார்கள். அதே காலத்தில் இன்னொரு விண்ணப்பமும் வந்தது. அப்ஜான் என்ற மருந்து நிறுவனம், மயிர் உதிரும்படி மரபணு மாற்றப்பட்ட சுண்டெலிக்கு உரிமை கோரியது. வழுக்கைக்கான மருந்தைச் சோதிப்பது அதன் நோக்கங்களில் ஒன்று. அதை அலுவலகம் ஏற்கவில்லை. வழுக்கை தீர்வதன் பயன், ஓர் உயிரின் துன்பத்துக்கு ஈடாகாது என்று கருதப்பட்டது. தராசு என்பது வெறும் பேச்சன்று, ஒருமுறையேனும் மறுபக்கமும் சாய்ந்தது என்பதற்கு இது சான்று.

ஹார்வர்டின் உரிமையை எதிர்த்து 17 தரப்புகள் முறையிட்டன. விலங்கு நல அமைப்புகளும் சமயக் குழுக்களும் அவற்றில் அடக்கம். வழக்கு ஆண்டுக்கணக்கில் இழுத்தது. உரிமையின் எல்லை படிப்படியாகச் சுருங்கியது. முதலில் மனிதர் நீங்கலான பாலூட்டிகள் அனைத்தும் அதில் இருந்தன. 2001-இல் கொறிவிலங்குகள் மட்டும் என்றாயிற்று. 2004 ஜூலையில் மேல்முறையீட்டுக் குழு, சுண்டெலி மட்டும் என்று வரையறுத்தது. காரணம் கருதத்தக்கது. அணிலோ முள்ளம்பன்றியோ புற்றுக்கு ஆளாக்கப்பட்டால் அவை துன்புறும் என்பது உறுதி. ஆனால் சுண்டெலியால் கிடைக்காத எந்தப் பயன் அவற்றால் கிடைக்கும் என்று காட்டப்படவில்லை. பயனுக்குச் சான்றில்லாத இடத்தில் துன்பத்துக்கு அனுமதி இல்லை என்பதே அதன் சாரம்.

ஒட்டாவாவில் கேள்வி சொல்லைப் பற்றியதாக இருந்தது. கனடாவின் பழைய சட்டம், மனிதன் செய்த பண்டத்துக்கும் பொருட்சேர்க்கைக்கும் காப்புரிமை உண்டு என்கிறது. சுண்டெலி பொருட்சேர்க்கையா? 2002 டிசம்பர் 5-ஆம் நாள் அந்நாட்டு உச்ச நீதிமன்றம் ஐந்துக்கு நான்கு என்ற கணக்கில் இல்லை என்றது. பெரும்பான்மைத் தீர்ப்பை எழுதிய நீதிபதி பாஸ்டராஷ் கூறியதன் கருத்து இது: கருமுட்டையில் மரபணுவைச் சேர்த்தது மனிதனின் செயலாக இருக்கலாம், ஆனால் ஒரு சுண்டெலியின் உடல், யாரோ ஒருவர் கலந்து சேர்த்த சரக்குகளால் ஆனதன்று. உயர்நிலை உயிர்களுக்கு உரிமை வேண்டுமாயின் அதை நாடாளுமன்றமே முடிவு செய்யட்டும் என்று நீதிமன்றம் விட்டுவிட்டது. மாறுபட்ட நீதிபதி பின்னி, பிற நாடுகள் ஏற்றதைக் கனடா மட்டும் மறுப்பதன் முரணைச் சுட்டினார். அதே 2002-இல் திருத்தப்பட்ட இந்தியக் காப்புரிமைச் சட்டம், நுண்ணுயிர் நீங்கலாகத் தாவரமும் விலங்கும் முழுமையாகவோ பகுதியாகவோ கண்டுபிடிப்பாகா என்று வகுத்ததையும் நாம் நினைவிற்கொள்ளலாம்.

*

ஐரோப்பியத் தராசை நாம் அப்படியே போற்றிவிட முடியாது. ஒரு தட்டிலிருந்த துன்பம் உறுதியானது. மறுதட்டிலிருந்ததோ எதிர்பார்க்கப்பட்ட பயன். சுண்டெலியில் கட்டியைச் சுருக்கிய மருந்துகள் பல மனிதரிடம் பயனற்றுப் போயின என்பது மருந்தியல் அறிந்த உண்மை. நிறுப்பவனும் மனிதன், பயன் பெறுபவனும் மனிதன். எனினும் நிறுக்காமலே இருப்பதைவிட நிறுப்பது மேல் என்பதற்கு, இவ்விலங்குகளின் வரலாற்றிலேயே சான்றுகள் உள.

அமெரிக்க வேளாண் துறையின் பெல்ட்ஸ்வில் ஆய்வு நிலையத்தில் 1980-களில் பன்றிகளுக்கு வளர்ச்சி ஹார்மோன் மரபணு செலுத்தப்பட்டது. கொழுப்புக் குறைந்த இறைச்சி கிடைக்கும் என்பது நோக்கம். கொழுப்புக் குறைந்தது, பன்றிகளோ மூட்டுவாதம், இரைப்பைப் புண், இதய வீக்கம் முதலியவற்றால் அவதியுற்றன. பெரிய சுண்டெலியின் படத்தைக் கண்டு வியந்த உலகம் இப்பன்றிகளை அவ்வளவாக அறியவில்லை.

எதிர்ப்பக்கத்துச் சான்று இளம்பிள்ளைவாதச் சொட்டுமருந்து. அம்மருந்தின் தொகுதிகளைப் பாதுகாப்புக்காகக் குரங்குகளின் நரம்பு மண்டலத்தில் செலுத்தி, முடக்கம் நேர்கிறதா என்று பார்ப்பது வழக்கம். அந்நோய் வைரஸ் சாதாரணச் சுண்டெலியைத் தாக்குவதில்லை. வைரஸ் பற்றிக்கொள்ளும் புரதம் அதனிடம் இல்லை. 1990-ஐ ஒட்டி, அமெரிக்காவில் வின்சென்ட் ராக்கனியெல்லோவின் குழுவும் ஜப்பானில் அகியோ நொமோட்டோவின் குழுவும், மனிதரின் அப்புரதத்துக்கான மரபணுவைப் பெற்ற சுண்டெலிகளை உருவாக்கின. 1999 முதல் உலகச் சுகாதார நிறுவனம், குரங்குச் சோதனைக்கு மாற்றாக இச்சுண்டெலிகளை ஏற்கத் தொடங்கியது. ஒருகாலத்தில் இந்தியாவிலிருந்து ஆயிரக்கணக்கில் குரங்குகள் கப்பலேறிய காலம் உண்டு. 1978-இல் நம் அரசு அந்த ஏற்றுமதியை நிறுத்தியது. குரங்கின் துன்பம் குறைந்தது. ஆனால் அது மறைந்துவிடவில்லை, சுண்டெலியின்மேல் ஏறியது. இதையும் நாம் கணக்கில் எழுதத்தான் வேண்டும்.

மருத்துவப் பயன் எதிர்பாராத திசையிலிருந்தும் வந்தது. தம்முடைய எதிர்ப்பொருள் மரபணுக்கள் முடக்கப்பட்டு, மனித எதிர்ப்பொருள் மரபணுக்கள் சேர்க்கப்பட்ட சுண்டெலிகளை 1994-இல் இரண்டு குழுக்கள் அறிவித்தன. அத்தகைய சுண்டெலிகளின் வழியாகப் பெருங்குடல் புற்றுக்கான பானிடுமுமாப் 2006-இலும், தோல் புற்றுக்கான இபிலிமுமாப் 2011-இலும் அமெரிக்காவில் ஒப்புதல் பெற்றன. புற்றைச் சுமக்கப் பிறந்த சுண்டெலி நோயின் போக்கை விளக்கியது. நலமாக வாழ்ந்த வேறொரு சுண்டெலி மருந்தைத் தந்தது.

2022 ஜனவரியில் மேரிலாந்தில், பத்து மரபணு மாற்றங்கள் செய்யப்பட்ட பன்றியின் இதயம் ஒரு மனிதருக்குப் பொருத்தப்பட்டது. அவர் இரண்டு மாதம் வாழ்ந்தார். 2024 மார்ச்சில் பாஸ்டனில் பன்றியின் சிறுநீரகம் ஒன்று பொருத்தப்பட்டது. மாற்று உறுப்புக்காகக் காத்திருந்தே மாண்டுபோகும் மனிதர்களை எண்ணினால், இம்முயற்சிகளை எளிதில் மறுக்க நமக்கு மனம் வராது. ஆயினும் இந்தப் பன்றிகளும் ஏதோ ஒரு கொட்டிலில் பிறந்து, வளர்ந்து, உறுப்புக்காக வெட்டப்படுபவை.

ஹார்வர்டு சுண்டெலியின் முதல் அமெரிக்கக் காப்புரிமை 2005 ஏப்ரலில் காலாவதியாயிற்று. 1985-இல் கோரப்பட்ட ஐரோப்பிய உரிமையின் இருபதாண்டுத் தவணையும் அதே ஆண்டில் தீர்ந்தது. வாஷிங்டனும் ஒட்டாவாவும் எதிரெதிராக விடையளித்த கேள்விக்கு, இச்சுண்டெலியைப் பொறுத்தவரை, இன்று பொருளில்லை. அது எவருக்கும் சொந்தமில்லை. முனிச் கேட்ட கேள்விக்கு அப்படித் தவணை ஏதும் இல்லை. புதிய மரபணு மாற்ற விலங்கு ஒன்று பிறக்கும்போதெல்லாம், என்ன துன்பம், எவ்வளவு பயன், வேறு வழி உண்டா என்று முதலிலிருந்து கேட்கவேண்டியிருக்கிறது. கிரான்பியில் தம் சுண்டெலிகளின் உடலில் கட்டியைக் கண்டு அதைப் பொருட்படுத்திய லாத்ராப்பின் கவனத்தை, சட்டம் இயற்றுவோரும் ஆய்வுக்கு அனுமதி அளிப்போரும் மருந்து உண்ணும் நாமும் சிறிதளவேனும் கடனாகப் பெற்றுக்கொள்வது நல்லது என்று தோன்றுகிறது.